ஏழாவது வரிசை

காசி,

நீ கேட்டது ஒரே வரி. அதற்குப் பதில் எழுத எனக்கு நாலு மாதம் ஆகிவிட்டது. "அப்பா, அந்தக் கேட்டுக்குச் சாவி ஒன்றுதானா?" என்று தாளின் அடியில் எழுதியிருந்தாய். அந்தத் தாளை மடித்துப் பஞ்சாங்கத்துக்குள் வைத்தேன், எடுத்தேன், மறுபடி வைத்தேன். எத்தனை கடிதம் ஆரம்பித்துக் கிழித்தேன் என்று அடுப்பில் போட்ட உன் அம்மாவைக் கேட்டால்தான் தெரியும். போன வாரம் உன் கார்டு வந்தது. பதில் வந்தால் ஊருக்கு வந்துவிட்டுக் கப்பல் ஏறுவதாகவும், வராவிட்டால் பம்பாயிலிருந்தே போய்விடுவதாகவும் எழுதியிருக்கிறாய். இன்னும் பதினெட்டு நாள் இருக்கிறது. இந்தக் கடிதம் உன் கைக்கு வர நாலு நாள். நீ கிளம்பி வர மூன்று, திரும்பிப் போக மூன்று. எட்டு நாள் மிச்சம். ரயில்வேயில் இருந்தவன் புத்தி, சாகிற நேரத்திலும் வண்டி நேரம்தான் பார்க்கும். ஒரு வேளை தபால் ஒரு நாள் தாமதமானால் ஏழு நாள். அதுவும் போதும்.

முந்தாநாள் தென்காசி தபாலாபீசுக்குப் போய்த் தந்தி பாரம் வாங்கி, 'சாவி இரண்டு' என்று இங்கிலீஷில் எழுதி நீட்டினேன். அங்கே இருப்பவர் எனக்குத் தெரிந்தவர். படித்துப் பார்த்துவிட்டு, "என்ன அண்ணாச்சி, பய வீட்டுச் சாவியத் தொலைச்சிட்டானோ? பூட்டு ஒடைக்க ஆள் அனுப்பணும்னா சொல்லுங்க, நம்ம மச்சினன் ஒருத்தன் பம்பாய்ல கெடக்கான்" என்றார். பாரத்தைப் பிடுங்கிக்கொண்டு வந்துவிட்டேன். நாலு மாதம் மென்று முழுங்கியதை இரண்டு சொல்லில் துப்பிவிடலாம் என்று பார்த்தேன், எனக்கு அந்தக் கொடுப்பினையும் இல்லை. ஆகவே முழுக்க எழுதுகிறேன். பாதியில் கிழித்துப் போட்டுவிடாதே. கெஞ்சிக் கேட்கிறேன், கடைசி வரை படி.

நீ பம்பாய்க்குப் போன புதிதில் மேலகரத்தில் என்னைப் பார்க்கிறவன் எல்லாம் பையனுக்கு என்ன வேலை என்று கேட்பான். "கணக்குப் போடுகிற மெஷினுக்கு வழி சொல்லிக் கொடுக்கிறான்" என்பேன். "மிஷின் தானாக் கணக்குப் போடும்னா இவன் அங்கன என்னத்துக்கு?" என்று உன் அம்மாவே கேட்டாள். எனக்கும் விளங்கவில்லை. உனக்கு எழுதிக் கேட்டேன். நீ எவ்வளவு பொறுமையாக எழுதினாய்! குற்றால அருவியில் விழுகிற தண்ணீரை எண்ண முடியாது, அளக்கத்தான் முடியும்; அருவிக்குக் கீழே நிற்கிற தலைகளை எண்ணலாம், அரைத் தலை கிடையாது, ஒன்று உண்டு, அல்லது இல்லை; எங்கள் மெஷினுக்குத் தெரிந்தது இந்தத் தலைக் கணக்கு மட்டும்தான், இதற்கு டிஸ்கிரீட் கணிதம் என்று பெயர் என்று எழுதியிருந்தாய். அந்தக் கடிதத்தைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு நான் தென்காசி பஜாரில் பண்ணிய அலப்பறை கொஞ்சநஞ்சமில்லை. ஆம், இல்லை என்ற இரண்டே சொல்லை வைத்துக்கொண்டு, 'இதுவும் அதுவும்', 'இதுவோ அதுவோ', 'இது இருந்தால்தான் அது' என்று கோத்துக் கோத்து ஒரு மெஷினையே ஓட்டலாம் என்று கடை கடையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

அதற்கப்புறம்தான் அந்தத் தாளை அனுப்பினாய். "அப்பா, ஸ்டேஷன் மாஸ்டராக நீங்கள் முப்பது வருஷம் செய்ததும் இதே கணக்குதான். உங்கள் லீவர் ஒவ்வொன்றும் ஆம், இல்லை என்ற இரண்டைத்தான் கேட்கும். நம் ஸ்டேஷன் கேட்டையே உதாரணமாக எடுத்துக்கொண்டு காட்டுகிறேன்" என்று ஆரம்பித்திருந்தாய். மூன்று கேள்வி: கேட் பூட்டியிருக்கிறதா? சாவி லீவரில் இருக்கிறதா? கைகாட்டி இறங்கியிருக்கிறதா? மூன்றுக்கும் ஆம், இல்லை என்று மாற்றி மாற்றிப் போட்டால் எட்டு வரிசை. இருபது லீவர் உள்ள ஸ்டேஷன் என்றால் வரிசை பத்து லட்சத்தைத் தாண்டும், மனுஷனால் ஆகாது, அதற்குத்தான் மெஷின் என்று எழுதியிருந்தாய். எட்டில் நாலு நடக்கக்கூடியவை, நாலு நடக்கவே முடியாதவை. முடியாத நாலில் மூன்றைச் சிவப்பு மையால் அடித்திருந்தாய். ஏழாவது வரிசையை மட்டும் அடிக்காமல், எதிரில் ஒரு கேள்விக்குறி போட்டிருந்தாய். கேட் பூட்டியிருக்கிறதா, இல்லை. சாவி லீவரில் இருக்கிறதா, இல்லை. கைகாட்டி இறங்கியிருக்கிறதா, ஆம். "கேட்டுக்காரர் சுப்பையா அண்ணாச்சி சொன்னதும் எஞ்சின் டிரைவர் சொன்னதும் இரண்டுமே நிஜம் என்றால் விபத்தன்றைக்கு நடந்தது இந்த வரிசைதான். ஆனால் இது நடக்க முடியாத வரிசை. அப்படியென்றால் நாம் ஆரம்பத்தில் எடுத்துக்கொண்ட ஏதோ ஒன்று தப்பு" என்று எழுதி, அதற்குக் கீழேதான் அந்த ஒரு வரியைப் போட்டிருந்தாய்.

காசி, சாவி ஒன்றில்லை.

எப்படி என்று சொல்கிறேன். கேட்டின் ஏற்பாடு உனக்குத் தெரியும், ஆனாலும் நான் என் வாயால் சொல்ல வேண்டும். ரோட்டின் குறுக்கே தண்டவாளத்துக்குத் தெற்கே ஒரு கதவு, வடக்கே ஒரு கதவு. இரண்டையும் மூடினால்தான் பூட்டு சுற்றும். பூட்டினால்தான் சாவி வெளியே வரும். கேட்டு வேலைக்காரரான சுப்பையா அந்தச் சாவியைத் தூக்கிக்கொண்டு நூறு கஜம் நடந்து வந்து என் ஜன்னலில் நீட்ட வேண்டும். அதை லீவரில் போட்டுத் திருப்பினால்தான் கைகாட்டி இறங்கி ரயிலுக்கு வழி விடும். கைகாட்டி இறங்கியிருக்கும் வரை சாவி லீவரிலேயே மாட்டிக்கொண்டிருக்கும், அதனால் கேட்டைத் திறக்க முடியாது. இதை யோசித்து அமைத்தவன் எவனோ, அவன் வாயில் சர்க்கரை போட வேண்டும். மனுஷன் தூங்கினாலும் மறந்தாலும் இரும்பு மறக்காது. அந்த இரும்பை ஏமாற்றியவன் நான்.

சுப்பையாவுக்கு முழங்காலில் வாதம். சீசன் சாரல் அடிக்கிற மாதங்களில் நூறு கஜம் நடந்து வர அவருக்கு ஐந்து நிமிஷம் ஆகும். அந்த ஐந்து நிமிஷம் வண்டி வளைவுக்கு அப்பால் கைகாட்டிக்கு வெளியே நின்று ஊதிக்கொண்டே இருக்கும். ஏன் தாமதம் என்று மேலேயிருந்து எனக்கு ஓலை வரும். விளக்கம் எழுதி எழுதி எனக்கு அலுத்துப்போயிற்று. ஒரு நாள் சாவியைக் காகிதத்தில் வைத்து வரைந்துகொண்டு தென்காசியில் பூட்டு ரிப்பேர் பார்க்கிற ஒருவரிடம் போய், வீட்டு அலமாரிக்கு என்று புளுகி, இன்னொன்று செய்துகொண்டேன். அப்புறம் ஜன்னல் வழியாக எட்டிப் பார்ப்பேன். கேட் மூடியிருப்பது கண்ணுக்குத் தெரிந்தால் போதும், என் சாவியைப் போட்டுக் கைகாட்டியை இறக்கிவிடுவேன். சுப்பையா நொண்டிக்கொண்டு வந்து நீட்டுகிற சாவியை வாங்கி மேஜையில் வைப்பேன். கைகாட்டி வளைவுக்கு அந்தப் பக்கம் இருப்பதால் அது எப்போது இறங்கியது என்று அவருக்குத் தெரியாது. இப்படி ஒரு வருஷம் ஓட்டினேன். வண்டிகள் நேரத்துக்கு வந்தன. நல்ல ஸ்டேஷன் என்று பெயர் வாங்கினேன். என்னைவிடச் சாமர்த்தியசாலி இந்த லைனிலேயே கிடையாது என்று எனக்குள் ஒரு கொழுப்பும் ஏறியது.

அன்றைக்குக் காலையில் நல்ல சாரல். ஜன்னலில் எட்டிப் பார்த்தேன். தெற்குக் கதவு மூடியிருந்தது. வடக்குக் கதவைப் புளியமரம் மறைத்தது. தெற்கை மூடியவன் வடக்கையும் மூடியிருப்பான் என்று முடிவு கட்டிக்கொண்டு கைகாட்டியை இறக்கினேன். பாதி மூடிய கேட் என்று ஒன்று கிடையாது என்பது நீ இன்றைக்கு உன் மெஷினுக்குச் சொல்லிக் கொடுக்கிற பாடம். எனக்கு முப்பது வருஷ சர்வீஸில் அது ஏறவில்லை. அங்கே சுப்பையா தெற்குக் கதவை மூடிவிட்டு வடக்குக்குப் போவதற்குள் ஒரு மாட்டு வண்டி உள்ளே வந்து, சக்கரம் தண்டவாள இடுக்கில் மாட்டிக்கொண்டது. அவர் கடப்பாரையை எடுத்து வந்து நெம்பிக்கொண்டிருந்தார். வண்டிக்காரர் பயந்து மாட்டை அவிழ்க்கப் போனாராம். "பதறாதிய, சாவி இன்னும் பூட்டுலல்லா இருக்கு. அது இல்லாம கைகாட்டி எறங்காது. ரயில் வராது, நிதானமா நெம்புவோம்" என்று இவர் தடுத்திருக்கிறார். நன்றாகக் கவனி, காசி. அவர் அசட்டையாக இருக்கவில்லை. அந்த ஏற்பாட்டை முழுசாக நம்பினார். நம்பினதால்தான் நிதானமாக நின்றார்.

எஞ்சின் மாட்டு வண்டியைத் தூக்கி அடித்தது. இரண்டு மாடும் அங்கேயே போய்விட்டன. வண்டிக்காரருக்கு மண்டையில் அடி. பிழைத்துவிட்டார், ஆனால் அன்று நடந்தது எதுவும் அவருக்கு நினைவில் இல்லை. வடக்குக் கதவு பெயர்ந்து, பூட்டு உடைந்து சிதறிவிட்டது. சுப்பையா வண்டிக்காரரை மடியில் போட்டுக்கொண்டு கத்திக்கொண்டிருந்தார். நான் ஓடினேன். எல்லாரும் நான் அடிபட்டவரிடம் ஓடுகிறேன் என்றுதான் நினைத்திருப்பார்கள். நான் சாவியைத் தேடி ஓடினேன். சேற்றில் கிடந்தது. குனிந்து எடுத்து இடுப்பில் சொருகிக்கொண்டு திரும்பி வந்து, கைகாட்டியைப் பழையபடி ஏற்றி, லீவரில் இருந்த என் சாவியை எடுத்துவிட்டு நம்பர் குத்தின அந்த நிஜச் சாவியைப் போட்டேன். அவ்வளவுதான். அந்த இரண்டு நிமிஷத்தில் ஒரு மனுஷனை முடித்துவிட்டேன்.

நிமிர்ந்தபோது எனக்குச் சாப்பாட்டுத் தூக்கை எடுத்துக்கொண்டு சைக்கிளோடு நீ நின்றாய். உனக்குப் பதினாறு வயது, பரீட்சை முடிவுக்குக் காத்திருந்தாய். அன்றைக்குச் சாயங்காலமே கேட்டாய், "அப்பா, கேட்டுக்கிட்ட குனிஞ்சு என்னத்த எடுத்திய?" என்று. "ஒண்ணும் எடுக்கலியே" என்றேன். "சேத்துலருந்து எடுத்தியளே, நான் பாத்தேன்" என்றாய். "ஏலே, ஒனக்குக் கண்ணுல ஏதோ கோளாறு இருக்கு" என்று சத்தம் போட்டேன். அதோடு விட்டேனா? மறு வாரமே திருநெல்வேலிக்குக் கூட்டிக்கொண்டு போய் ஒரு கடையில் உனக்குக் கண்ணாடி வாங்கிப் போட்டேன். அந்தக் கடைக்காரரே, "பையனுக்கு ஒண்ணுமில்லையே சார்" என்றார். "தலைவலிக்குன்னு சொல்லுதான், லேசா ஒண்ணு குடுங்க" என்றேன். நீ ஒரு வருஷம் அதைப் போட்டுக்கொண்டு, அதனாலேயே தலைவலி வந்து படுத்தாய். அதற்கப்புறம் எதைப் பார்த்தாலும் இரண்டு தடவை பார்த்தாய். கதவைப் பூட்டினால் திரும்பி வந்து இழுத்துப் பார்த்தாய். கணக்கைப் போட்டு முடித்து மறுபடி முதலிலிருந்து போட்டாய். அந்தப் பழக்கம்தான் உன்னை இந்த வேலைக்குக் கொண்டுபோயிற்று என்று அம்மா பெருமையாகச் சொல்வாள். நான் எழுந்து வெளியே போய்விடுவேன்.

விசாரணை நடந்தது. மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் நல்லவர்கள்தான், முட்டாள்களும் இல்லை. கைகாட்டி இறங்கியிருந்ததா? டிரைவர் ஆம் என்றார். அப்படியானால் சாவி லீவரில் இருந்தது. அப்படியானால் கேட் பூட்டியிருந்தது. அப்படியானால் கேட்டுக்காரன் சாவியைக் கொடுத்துவிட்டு, அப்புறம் வண்டிக்காரனுக்காகக் கடப்பாரையால் பூட்டை நெம்பி உடைத்திருக்கிறான். ஒரு படிக்கும் அடுத்த படிக்கும் நடுவில் ஓட்டையே இல்லை. பொய்யான ஒன்றை நிஜம் என்று எடுத்துக்கொண்டு கிளம்பினால் ஒரு பிசகும் இல்லாமல் எதை வேண்டுமானாலும் நிரூபித்துவிடலாம் என்று நீ எழுதியிருந்தாயே, அதை நான் கண்ணால் பார்த்தவன். "நான் பூட்டவே இல்ல சாமி, சாவியும் குடுக்கல" என்று சுப்பையா கும்பிட்டார். என்னைக் கேட்டார்கள். "சாவி லீவரில்தான் இருந்தது" என்றேன். கேட்ட கேள்விக்குச் சரியான பதில், ஒரு எழுத்துப் பொய்யில்லை என்று அன்றைக்கு என்னை நானே சமாதானம் பண்ணிக்கொண்டேன். சுப்பையாவுக்கு வேலை போயிற்று. உன் படிப்பு, அம்மாவின் வைத்தியம், எனக்கு மிச்சமிருந்த சர்வீஸ் என்று எனக்கு ஆயிரம் காரணம் இருந்தது. அவருக்கும் வீடு, பெண்சாதி எல்லாம் இருந்தது. அது எனக்குத் தெரியாததா?

ஓய்வு பெற்ற வருஷம் சீசனுக்குக் குற்றாலம் போனேன். அருவிக்கரையில் எண்ணெய் தேய்த்துவிடுகிறவர்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பார்களே, ஒருவர் கூப்பிட்டார், பலகையில் உட்கார்ந்தேன். எண்ணெயைத் தலையில் வைத்த பிறகுதான் குரலைக் கேட்டுத் திரும்பினேன். சுப்பையா! எழுந்திருக்கப் பார்த்தேன், அவர் விடவில்லை. "இரிங்க சார், நம்ம சார்வாளுக்குத் தேய்க்காம வேற யாருக்குத் தேய்க்க? கண்ண மூடிக்கிடுங்க, எண்ணெ போயிரும்" என்று தோளை அமுக்கி உட்கார வைத்தார். உச்சந்தலையைத் தட்டித் தட்டித் தேய்த்தார். தேய்த்துக்கொண்டே மெதுவாகக் கேட்டார்: "சார், ரொம்ப நாளா ஒண்ணு கேக்கணும்னு. அன்னைக்கு நான் சாவி குடுத்தேனா?" அவரே சொன்னார்: "குடுக்கலன்னுதான் ஞாவகம். ஆனா பூட்டாம சாவி வராது, சாவி வராம கைகாட்டி எறங்காது. கைகாட்டி எறங்கிச்சுல்லா? அப்பொ நான் குடுத்துதான இருக்கணும்? யோசிச்சு யோசிச்சுப் பாத்துட்டு, நாந்தான் குடுத்துட்டு மறந்துட்டேன் போலன்னு முடிவு பண்ணிட்டேன் சார். புத்தி பெசகிட்டு." அந்தக் கை என் தலையில் இருந்தது, காசி. நான் கண்ணை மூடிக்கொண்டு சும்மா இருந்தேன். அப்புறம் போய் அருவியில் வெகு நேரம் நின்றேன். எண்ணெய் போனதா இல்லையா என்று எனக்கு நினைவில்லை.

ஒரு மனுஷனின் வேலையைப் பிடுங்கினதைக்கூட ஏதோ ஒரு காரணம் சொல்லி முழுங்கலாம். அவர் தன் கண்ணையும் தன் ஞாபகத்தையும் நம்ப முடியாதபடி செய்துவிட்டேன். உனக்கும் அதையேதான் செய்தேன். அவருக்கு என் பொய், உனக்குக் கண்ணாடி. இதைவிடப் பெரிய பாவம் ஒன்று இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. அது தெரிந்தும், நீ சரியாக அந்த இடத்தில் விரலை வைத்துக் கேட்ட பிறகும், நாலு மாதம் வாயை மூடிக்கொண்டு இருந்தேனே, என்ன ஜென்மம் நான்!

உன் கார்டு வந்த அன்றைக்கு அம்மா பஞ்சாங்கத்தைப் பிரித்து அந்தத் தாளை எடுத்துவிட்டாள். கட்டமெல்லாம் அவளுக்குப் புரியாது, கடைசி வரி புரிந்தது. "இதுக்கா நாலு மாசமா எம் புள்ளைக்கு எழுதாம இருக்கிய? ஒண்ணுன்னா ஒண்ணுன்னு எழுத வேண்டியதுதான?" என்றாள். என் முகத்தைப் பார்த்தாள். "ஐயோ" என்று அப்படியே உட்கார்ந்துவிட்டாள். அப்புறம், "நீங்க ஒரு மனுசன்னு உங்க துணியத் தொவச்சுப் போட்டேனே இத்தன வருசமா" என்றாள். அதற்கப்புறம் இன்று வரை ஒரு பேச்சில்லை. சோற்றை வைத்துவிட்டு அந்தப் பக்கம் போய்விடுகிறாள். வைக்காமல் இருந்தாலும் கேட்க எனக்கு வாயில்லை.

நேற்றுக் காலை அந்த இரண்டாவது சாவியை எடுத்துக்கொண்டு குற்றாலம் போனேன். இத்தனை வருஷமும் அது என் டிரங்குப் பெட்டியின் அடியில்தான் கிடந்தது. தூக்கி எறிய எத்தனையோ ஆறு குளம் இருந்தது, கை வரவில்லை. சுப்பையா யாருக்கோ தேய்த்துக்கொண்டிருந்தார். "செத்த இரிங்க சார், இந்தா முடிச்சுட்டேன்" என்றார். முடித்துவிட்டுச் சீயக்காய் போட்டுக் கையைக் கழுவிக்கொண்டு வந்தார். சாவியை அவர் கையில் வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். இப்போது உனக்கு எழுதின மாதிரி வரிசையாகச் சொல்லவில்லை. உளறினேன், அழுதேன், காலில் விழப் போனேன். அவர் நகர்ந்துகொண்டார். சாவியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "அப்பொ நான் குடுக்கல" என்றார். நான் இல்லை என்றேன். மறுபடியும், "நான் குடுக்கல, என்ன சார்? நான் குடுக்கவே இல்ல" என்றார். முகத்தில் கோபம் வரும் என்று பார்த்தேன், சிரிப்பு மாதிரி ஒன்று வந்தது. அது எனக்கு இன்னும் பயமாக இருந்தது.

அப்புறம் பாறையில் உட்கார்ந்துவிட்டார். "எம் பொஞ்சாதி சாகக் கெடக்கும்போது கேட்டா சார். 'எங்கிட்டயாவது நெசத்தச் சொல்லுங்க, குடுத்தியளா இல்லையா'ன்னு கையப் பிடிச்சுக்கிட்டுக் கேட்டா. தெரியலட்டின்னு சொன்னேன். தெரியலன்னு சொன்னேன் சார் அவகிட்ட. எனக்குத் தெரிஞ்சுதான இருந்திருக்கு?" என்றார். சாரல் விழுந்துகொண்டிருந்தது, ஆட்கள் துண்டைப் பிழிந்துகொண்டு எங்களைத் தாண்டிப் போனார்கள். "இத எப்பிடி இப்ப சொல்ல வந்திய?" என்று கேட்டார். உன் தாளைப் பற்றிச் சொன்னேன். தம்பி கணக்குப் போட்டுக் கண்டுபிடித்தானா என்று இரண்டு மூன்று தடவை கேட்டார். ஏழாவது வரிசையில் நீங்கள் சொன்னது அப்படியே இருக்கிறது என்றேன். "அந்தத் தாள நான் பாக்கணும்" என்றார். பையிலிருந்து எடுத்து நீட்டினேன். வாங்கவில்லை. "நீங்க காட்டாதிய. நீங்க காட்டி நான் எப்பிடி சார் நம்ப? தம்பி வந்து சொல்லட்டும்" என்றார். சாவியை மடியில் முடிந்துகொண்டார். "இது எங்கிட்ட இருக்கட்டும். நீங்க போங்க. இனிமே எண்ணெ தேய்க்க எங்கிட்ட வராதிய" என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார்.

ரயில்வேக்கு எல்லாவற்றையும் எழுதிக் கையெழுத்துப் போட்டு இன்று காலை ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பிவிட்டேன். நகல் இதோடு இருக்கிறது. என் பென்ஷனை நிறுத்துவார்களோ, வழக்குப் போடுவார்களோ, பைத்தியக்காரக் கிழவன் என்று குப்பையில் போடுவார்களோ, எதுவும் என் கையில் இல்லை. உனக்கு நான் புத்திமதி சொல்கிற யோக்கியதையை இழந்து பல வருஷம் ஆகிறது, ஆனாலும் அப்பன் என்பதால் ஒன்று சொல்லிக்கொள்கிறேன். நாளைக்கு உன் மெஷினும் இந்த மாதிரி எத்தனையோ பேரைப் பற்றி ஆம், இல்லை என்று சொல்லும். அது படி தவறாமல்தான் சொல்லும். யாராவது ஒரு சுப்பையா வந்து, நான் அப்படிச் செய்யவில்லை என்று கும்பிட்டால், கணக்கு சரியாக இருக்கிறது என்று அவரைத் திருப்பி அனுப்பிவிடாதே. முதல் வரியில் எதை நிஜம் என்று எடுத்துக்கொண்டாய் என்று போய்ப் பார். அதைச் சொன்னவன் உன் அப்பனாக இருந்தாலும் போய்ப் பார்.

எனக்காக வா என்று கூப்பிட எனக்கு முகமில்லை. நீ என்னோடு பேச வேண்டாம், இந்த வீட்டில் தண்ணீர்கூடக் குடிக்க வேண்டாம். தென்காசியில் இறங்கி நேரே குற்றாலம் போ. அந்தத் தாளை உனக்குத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். சுப்பையாவின் பக்கத்தில் உட்கார்ந்து, எட்டு வரிசையையும் ஒவ்வொன்றாக அவருக்குப் புரிகிற மாதிரி சொல்லு. அவர் அவசரப்படமாட்டார். அவர் எழுந்து, ஆமா தம்பி, எனக்குப் புத்தி பிசகவில்லை என்று ஒரு தடவை வாய்விட்டுச் சொன்னால் போதும், எனக்கு அதற்கு மேல் ஒன்றும் வேண்டாம். நான் சொன்னால் அவர் நம்பமாட்டார். நம்பவும் கூடாது. எட்டு நாள் இருக்கிறது காசி, வந்துவிடு. தயவு பண்ணி வந்துவிடு.

தாளில் நீ கேள்விக்குறி போட்ட இடத்துக்கு எதிரே, சாவி இரண்டு என்று என் கையால் எழுதிக் கையெழுத்தும் போட்டிருக்கிறேன். அன்றைக்கு நான் சேற்றிலிருந்து எடுத்ததை நீ சரியாகத்தான் பார்த்தாய். உன் கண்ணில் ஒரு கோளாறும் இருந்ததில்லை.

அப்பா